சிறுமியின் பொழுது: விடுதலைக்குப் பிந்தைய தான்சானியாவில் பள்ளியும் வீட்டு வேலையும்

1967 பிப்ரவரியில் தான்சானியாவின் ஆளும் கட்சியான தானு, அருஷா பிரகடனத்தை வெளியிட்டது. நாடு சோசலிசப் பாதையில் நடக்கும் என்று அறிவித்த அந்த ஆவணம், உழைப்பைப் பற்றிப் பேசும் இடத்தில் ஓர் உண்மையை ஒளிக்காமல் ஒப்புக்கொள்கிறது. நாட்டில் எல்லாரையும்விடக் கடுமையாக உழைப்பவர்கள் கிராமத்துப் பெண்கள். சில நாட்களில் அவர்கள் 12, 14 மணி நேரம்கூட வேலை செய்கிறார்கள். கிராமத்து ஆண்களோ வாழ்நாளில் பாதியை ஓய்விலேயே கழிக்கிறார்கள் என்பது அதன் சாரம். அடுத்த மாதமே குடியரசுத் தலைவர் ஜூலியஸ் நைரேரே 'தற்சார்புக்கான கல்வி' என்ற சிறுநூலை எழுதி வெளியிட்டார். பள்ளிக்குப் போகிற பிள்ளை குடும்ப வேலையிலிருந்து அந்நியப்பட்டுவிடக் கூடாது, படிப்போடு உழைப்பும் அன்றாடமாக வேண்டும் என்பது அதன் அடிநாதம். இரண்டும் ஒரே மனத்திலிருந்து பிறந்தவை. ஆனால் அடுத்தடுத்து வைத்துப் படித்தால், நடுவில் ஒருத்தி விடுபட்டுப் போயிருப்பது தெரியும். தாயின் 14 மணி நேர வேலையில் கை கொடுத்துவிட்டுப் பள்ளிக்கும் போய்வந்த மகள்தான் அவள்.

விடுதலை பெற்ற ஆப்பிரிக்க நாடுகளில் குழந்தைகளின் வாழ்க்கை எப்படி மாறியது என்று எழுதுவோர் பெரும்பாலும் பள்ளிச் சேர்க்கையின் எண்ணிக்கையைக் கொண்டே அளக்கிறார்கள். தான்சானியாவைப் பொறுத்தவரை அந்த அளவுகோல் போதாது. அங்கே விடுதலை ஒரு குழந்தையின் வாழ்வில் நுழைந்தது முதன்மையாக அவளுடைய பொழுதின் மீதான புதிய உரிமைகோரலாக. குடும்பம் ஏற்கெனவே கேட்டுக்கொண்டிருந்த நேரத்தில் ஒரு பங்கை இப்போது அரசும் கேட்டது. சிறுவனிடம் இந்தக் கோரிக்கை ஒரு வேலைக்குப் பதிலாக இன்னொன்றாக வந்தது. சிறுமிக்கு ஒன்றின் மேல் ஒன்றாக ஏறியது. இந்த வேறுபாட்டைக் கணக்கில் எடுத்துக்கொண்டால், அந்தக் காலத்தின் மிக முக்கியமான குழந்தைநலத் திட்டம் கல்வித் துறையில் இல்லை, கிராமக் குடிநீர்த் திட்டத்தில்தான் இருந்தது என்ற முடிவுக்கு வர வேண்டியிருக்கிறது. இக்கட்டுரை அதையே நிறுவ முயல்கிறது.

முதலில் பின்னணி. தங்கனீக்கா 1961 டிசம்பர் 9 அன்று விடுதலை பெற்றது. 1964 ஏப்ரலில் சான்சிபாருடன் இணைந்து தான்சானியா ஆனது. பிரிட்டிஷ் ஆட்சி விட்டுச்சென்ற பள்ளிகள் இனவாரியாகப் பிரிந்து கிடந்தன: ஐரோப்பியருக்கு ஒன்று, ஆசியருக்கு ஒன்று, ஆப்பிரிக்கருக்கு ஒன்று. புதிய அரசு கைவைத்த முதல் காரியங்களில் ஒன்று அந்தப் பிரிவினையை ஒழித்தது. நைரேரே தம் சிறுநூலில் தரும் கணக்குப்படி, 1961-இல் தொடக்கப் பள்ளிகளில் இருந்த பிள்ளைகள் 4,90,000. அவர்களில் பெரும்பாலோர் நான்காம் வகுப்போடு நின்றவர்கள். 1967-இல் அந்த எண் 8,25,000. உயர்நிலைப் பள்ளிகளில் 1961-இல் இருந்தவர்கள் 11,832 பேர், அதாவது ஒரு சிற்றூரின் மக்கள்தொகை. அவர்களிலும் ஆறாம் படிவம்வரை எட்டியவர்கள் 176 பேர். ஒரு நாட்டின் ஆட்சியையும் மருத்துவத்தையும் நீதியையும் நடத்த இந்த 176 பேரிலிருந்து ஆள் எடுக்க வேண்டும் என்றால், அந்த அரசு எவ்வளவு கலங்கியிருக்கும் என்பதை இன்று நாம் எளிதில் மறந்துவிடுகிறோம்.

1967 கணக்கெடுப்பின்படி நாட்டின் மக்கள்தொகை ஏறத்தாழ 1 கோடியே 23 லட்சம். அதில் பாதிக்குச் சற்றே குறைவானோர் 15 வயதுக்கு உட்பட்டவர்கள். ஆகவே குழந்தைகள் என்று நாம் பேசுவது நாட்டின் பாதியைப் பற்றி.

நைரேரேயின் வாதத்தை அதன் வலுவோடு எடுத்துவைப்பதுதான் நேர்மை. அவர் கேட்டது இது: தொடக்கப் பள்ளியை முடிப்பவர்களில் 13 விழுக்காட்டினருக்குத்தான் உயர்நிலைப் பள்ளியில் இடம் இருக்கிறது. ஆனால் பாடத்திட்டம் முழுவதும் அந்தப் 13 பேருக்காகவே வகுக்கப்பட்டிருக்கிறது. மீதி 87 பேர் தோற்றவர்கள் என்ற எண்ணத்தோடு ஊருக்குத் திரும்புகிறார்கள்; மண்வெட்டியைக் கையில் எடுப்பதை அவமானமாக நினைக்கிறார்கள். தொடக்கப் பள்ளி தன்னளவில் நிறைவான கல்வியாக வேண்டும். ஐந்து, ஆறு வயதில் சேர்த்துப் பதின்மூன்றில் வெளியே அனுப்பாமல், சற்று வளர்ந்த பிறகே சேர்க்க வேண்டும். பள்ளிக்கென்று வயலோ பட்டறையோ இருக்க வேண்டும். சிறு பிள்ளைகளிடம் முழுப் பண்ணையையும் ஒப்படைக்க முடியாது என்பதும் அவருக்குத் தெரியும். அதனால்தான் பள்ளிப் பருவங்களையும் நேரத்தையும் குடும்பத்தின் வயல் வேலைக்கு ஏற்ப அமைக்கச் சொன்னார். பள்ளிக்குப் போகாத பிள்ளை இயல்பாகவே வயலிலும் மாட்டுக்குப் பின்னாலும் இருக்கிறது. பள்ளிக்குப் போகிற பிள்ளையும் அப்படியே இருக்கட்டும் என்றார். காலனியக் கல்வியை இதைவிடத் தெளிவாக விமர்சித்த ஆட்சித் தலைவர் அந்தத் தலைமுறையில் வேறு எவரும் இல்லை என்றே நினைக்கிறேன். அவர் தாமே ஆசிரியராக இருந்தவர். மக்கள் அவரை 'ம்வாலிமு', அதாவது ஆசிரியர், என்றே அழைத்தார்கள்.

ஆனால் அந்த எடுத்துக்காட்டைச் சற்று நிறுத்திப் பார்க்க வேண்டும். வயல், மாடு. இவை வெளியில், பகலில், பருவம் பார்த்து நடக்கும் வேலைகள். மாடு மேய்க்கும் சிறுவன் பள்ளிக்குப் போகிற நாளில் மாட்டை வேறொருவர் மேய்த்தாக வேண்டும். ஒரே நேரத்தில் இரண்டு இடத்தில் இருக்க முடியாது. ஆகையால் பள்ளி அவனை வேலையிலிருந்து உண்மையாகவே பிரித்தது. நைரேரேயின் கவலை இந்தப் பிரிவைப் பற்றியது. தண்ணீர், விறகு, அடுப்பு, கைக்குழந்தை ஆகியவற்றின் இயல்பு வேறு. அவை பொழுது விடியும் முன்னும் பொழுது சாய்ந்த பின்னும் நடப்பவை. பருவம் கிடையாது, ஞாயிறு கிடையாது. பள்ளி மணி அடிப்பதற்கு முன்னால் அவற்றை முடித்துவிடலாம், மணி அடித்த பின் மீண்டும் தொடங்கலாம். அதனாலேயே அவை சிறுமியை விட்டு ஒரு நாளும் போகவில்லை. வேலையை மறந்துவிடும் பிள்ளை என்று சிறுநூல் அஞ்சிய அந்தப் பிள்ளை, பெரும்பாலும் ஆண்பிள்ளையே.

தண்ணீரை எடுத்துக்கொள்வோம். 1966 முதல் 1968 வரை கென்யா, உகாண்டா, தான்சானியா மூன்று நாடுகளிலும் 34 இடங்களில் வீடுகளின் நீர்ப் பயன்பாட்டை கில்பர்ட் வைட், டேவிட் பிராட்லி, ஆன் வைட் மூவரும் ஆராய்ந்து 1972-இல் நூலாக வெளியிட்டார்கள். புதிதாக விடுதலை பெற்ற கிழக்கு ஆப்பிரிக்காவின் அன்றாட வாழ்வைப் பற்றி நமக்குக் கிடைத்திருக்கும் மிக நுணுக்கமான பதிவுகளில் அது ஒன்று. யார் எடுத்துவருகிறார்கள், எவ்வளவு தூரம், எத்தனை நடை, எந்தப் பாத்திரம் என்று வீட்டு வாசலில் நின்று எண்ணியிருக்கிறார்கள். குழாய் இல்லாத வீடுகளில் நீரைச் சுமந்தவர்கள் பெண்களும் குழந்தைகளும். அவர்கள் சுமந்த பாத்திரங்களில் பரவலானது டேபே: நான்கு கேலன் மண்ணெண்ணெய்த் தகரம், வாய்ப்பகுதியை வெட்டி, குறுக்கே ஒரு கட்டை அறைந்தது. நிரம்பினால் ஏறத்தாழ 18 லிட்டர், அதாவது 18 கிலோ. சிறிய பிள்ளைகள் சுரைக்குடுவையோ சிறு தகரமோ சுமப்பார்கள். வயது ஏற ஏறப் பாத்திரமும் பெரிதாகும். துணியையோ காய்ந்த வாழைச் சருகையோ சுருட்டிச் சும்மாடு வைத்து, அதன் மேல் டேபேயை ஏற்றுவார்கள். நடக்கும்போது நீர் அலையாமல் இருக்க, இலைக் கொத்து ஒன்றை மேலே மிதக்கவிடுவார்கள்.

ஒரு வீட்டின் கணக்கைப் போட்டுப் பார்க்கலாம். தலைக்கு நாளொன்றுக்கு 10 லிட்டர் என்று குறைவாகவே வைத்துக்கொள்வோம். ஆறு பேர் உள்ள வீட்டுக்கு 60 லிட்டர். டேபே கணக்கில் மூன்று நடைக்கு மேல் ஆகிறது. நீர்நிலை ஒரு கிலோமீட்டர் தொலைவில் இருந்தால் போக வர ஆறு ஏழு கிலோமீட்டர், அதில் பாதித் தூரம் தலையில் 18 கிலோவுடன். கோடையில் மணலைத் தோண்டி ஊற்று சுரக்கும்வரை காத்திருக்க வேண்டிய டோடோமா போன்ற வறண்ட பகுதிகளில் நடையைவிடக் காத்திருப்பே நீளம். இந்த மூன்று நடையில் ஒன்றையோ இரண்டையோ மகள் ஏற்கவில்லை என்றால், தாயின் 14 மணி நேரம் 16 ஆகும். அருஷா பிரகடனம் எண்ணிய மணிக்கணக்கே, மகளின் மணிக்கணக்கைக் கழித்துவிட்டு மிஞ்சியதுதான்.

தண்ணீரோடு முடிவதில்லை. கிளிமஞ்சாரோ சரிவுகளில் சாக்கா மக்கள் வாழைத்தோப்புக்கு நடுவே வீடு கட்டி, மாட்டைத் தொழுவத்திலேயே வைத்து வளர்ப்பவர்கள். மாடு மேயப் போகாது. புல்தான் மாட்டைத் தேடி வர வேண்டும். அந்தப் புல்லைக் கீழே சமவெளியில் அறுத்து, கட்டித் தலையில் ஏற்றி, மலை ஏறி வருவது பெண்களின், சிறுமிகளின் வேலை. சோளம் இடிப்பது, உகாலிக் களி கிண்டுவது, தம்பியையோ தங்கையையோ கங்காத் துணியில் முதுகோடு கட்டிக்கொள்வது எல்லாம் இதன் மேல்.

இங்கே ஒரு மறுப்பு எழும். அதை ஒதுக்கிவிட முடியாது. குழந்தை வேலை செய்வதை நாம் நகரத்து நடுத்தர வர்க்கக் கண்ணால் பார்த்துக் கொடுமை என்கிறோம், ஆனால் ஆப்பிரிக்கக் குடும்பத்தில் வேலைதான் கல்வி என்பது அந்த மறுப்பு. இதற்கு வலுவான சான்று உண்டு. ஓட்டோ ராவும் 1940-இல் வெளியிட்ட 'சாக்கா குழந்தைப் பருவம்' என்ற நூல், பிள்ளைகள் விளையாட்டாகத் தொடங்கிய வேலை எப்படிப் படிப்படியாக உண்மையான பொறுப்பாகிறது, அதன் வழியே மொழியும் முறையும் உறவும் எப்படிக் கைக்கு வருகின்றன என்று விரிவாகக் காட்டுகிறது. சிறுமி வாழைநாரால் பொம்மை வீடு கட்டுவதும் தண்ணீர்க் குடுவையைத் தூக்கிப் பழகுவதும் ஒரே தொடர்ச்சி. நைரேரேயும் இந்த மரபை நன்கு அறிந்து மதித்தவர். அதில் எனக்கு மாறுபாடு இல்லை. வேலையில் கண்ணியம் இருக்கிறது, குடும்பத்துக்குத் தான் தேவைப்படுகிறோம் என்ற உணர்வு ஒரு குழந்தையை நிமிர்த்துகிறது. ஆனால் ராவும் விவரித்த உலகில் பள்ளி நாளின் நடுப்பகுதியை விழுங்கவில்லை. அங்கே வேலைக்கும் விளையாட்டுக்கும் கற்றலுக்கும் முழுப் பகலும் இருந்தது. 1967-க்குப் பிந்தைய சிறுமிக்குப் பகலின் நடு இல்லை. இரு விளிம்புகள் மட்டுமே இருந்தன. மரபு என்று சொல்லி நியாயப்படுத்தும்போது, அந்த மரபு எந்தப் பொழுதில் இயங்கியது என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும்.

விளையாட்டுக்கு என்ன ஆயிற்று என்று கேட்கலாம். அது வேலையின் இடுக்கில் நடந்தது. முதுகில் குழந்தையோடு பந்தை ஏமாற்றித் தாண்டும் பெண்பிள்ளைகளைக் கிழக்கு ஆப்பிரிக்காவின் எந்த ஊரிலும் காணலாம். இரவில் விடுகதை. ஒருவர் 'கித்தெந்தவீலி!' என்று தொடங்க, மற்றவர்கள் 'தேகா!' என்று குரல் கொடுக்க, சோளக்கதிரை உதிர்த்துக்கொண்டே விடை தேடலாம். கை வேலையை நிறுத்தாமல் கலந்துகொள்ள முடிகிற விளையாட்டுகளே சிறுமிகளிடம் நிலைத்தன. கந்தலைச் சுற்றிச் செய்த பந்தைத் துரத்தி ஊர்க்கோடி வரை ஓடும் சுதந்திரம் அண்ணன்களுக்கு.

இனி பள்ளிக்குள் போவோம். சேரும் வயதை ஏழாக உயர்த்தியபோது பிறப்புச் சான்றிதழ் உள்ள பிள்ளைகள் அரிது. வலக்கையைத் தலைக்கு மேலாக வளைத்து இடக்காதைத் தொடச் சொல்வது வழக்கம். தொட்டால் இடம் உண்டு. தமிழ்நாட்டுக் கிராமப் பள்ளிகளில் சேர்ந்த முந்தைய தலைமுறையினருக்கு இது சொல்லித் தெரிய வேண்டியதில்லை. 1967 முதல் தொடக்கக் கல்வி முழுவதும் சுவாஹிலியில். கடற்கரைப் பிள்ளைகளுக்கு அது வீட்டுமொழி. சுகுமா, கோகோ, ஹேஹே பேசும் உள்நாட்டுப் பிள்ளைகளுக்கு அது பள்ளியில் கற்கும் மொழி. ஆனாலும் ஆங்கிலத்தைவிடக் காதுக்குப் பழகியது, வானொலியிலும் சந்தையிலும் கேட்பது. நூற்றுக்கு மேற்பட்ட மொழிகள் உள்ள நாட்டில் இந்த முடிவு குழந்தைக்குச் செய்த நன்மையை எவரும் மறுக்க முடியாது.

காலையில் பாட்டுப் பாடிக்கொண்டே வரிசையாக ஓடும் 'ம்சகாம்சகா', பிறகு பெருக்குதல், பிறகு பாடம், வாரத்தில் சில பொழுது பள்ளி வயல். வயலில் ஆணும் பெண்ணும் சேர்ந்தே மண்வெட்டி பிடித்தார்கள். அந்தக் காலத்துப் படங்களிலும் சுவரொட்டிகளிலும் நாம் காண்பது இதைத்தான். படத்தில் வராதது, பள்ளிக்கும் ஆசிரியர் வீடுகளுக்கும் தண்ணீரும் விறகும் கொண்டுவரும் பணி. அது பல இடங்களில் பெண்பிள்ளைகள் தலையில் விழுந்தது. வீட்டில் செய்த வேலையை மீண்டும் பள்ளியில் செய்தாள் என்று சொன்னால் மிகையில்லை. 'தற்சார்பு' என்ற பெயரில் பள்ளி அவளுக்குக் கற்றுக்கொடுத்த உழைப்பு, அவள் ஏற்கெனவே கரைகண்டது.

பெற்றோர் பள்ளி வயலை விரும்பவில்லை என்பதை அக்காலத்து ஆய்வாளர்கள் பலரும் பதிந்திருக்கிறார்கள். மண்வெட்டியிலிருந்து தப்பத்தானே பிள்ளையை அனுப்புகிறோம் என்பது அவர்களின் கேள்வி. இந்த எதிர்ப்பைப் பிற்போக்கு என்று கட்சி தள்ளியது. குடியானவனின் நியாயமான கணக்கு என்று பின்னாள் ஆய்வாளர்கள் ஏற்றார்கள். இருதரப்பும் பிள்ளையின் எதிர்காலத்தைப் பற்றியே பேசின. அவளுடைய இன்றைய பகலில் எத்தனை மணி நேரம் இருக்கிறது என்று எவரும் எண்ணவில்லை. விதிவிலக்காக நினைவில் நிற்பவர் மார்ஜரி ம்பிலின்யி. பெண்பிள்ளைகளின் கல்வியைப் பற்றி அவர்களும் அவர்களின் தந்தையரும் என்ன நினைக்கிறார்கள் என்று கேட்டு 1969-இலேயே ஆய்வு வெளியிட்டவர். பெண்கல்வியைக் குடும்ப உழைப்பின் பங்கீட்டோடு இணைத்துப் பார்க்கும் மரபு தார் எஸ் சலாம் பல்கலைக்கழகத்தில் அவர் போன்றோரால்தான் வேர்விட்டது.

வயதுவந்த பிறகு இடைஞ்சல்கள் கூடின. கடற்கரையை ஒட்டிய சராமோ மக்களிடையே பூப்பெய்திய பெண்ணை மாதக்கணக்கில் வீட்டுக்குள் தனித்து வைக்கும் வழக்கத்தை மார்யா லீசா ஸ்வான்ஸ் விரிவாக ஆராய்ந்திருக்கிறார். பள்ளி ஆண்டோடு அது மோதியது. 1971-ஆம் ஆண்டுத் திருமணச் சட்டம் ஆணுக்கு 18 என்றும் பெண்ணுக்கு 15 என்றும் குறைந்த வயதை வைத்தது. ஏழு வயதில் சேர்ந்து ஏழாண்டு படித்து முடிக்கும் பெண், கிட்டத்தட்டச் சட்டப்படி மணமாகும் வயதில் வெளியே வருகிறாள். உயர்நிலைப் பள்ளி இடமோ மிகக் குறைவு.

இப்போது நீர்த் திட்டம். 1971-இல் தான்சானிய அரசு இருபதாண்டு கிராமக் குடிநீர்த் திட்டத்தைத் தொடங்கியது. 1991-க்குள் கிராமத்து வீடு ஒவ்வொன்றுக்கும் 400 மீட்டருக்குள் நல்ல நீர் என்பது இலக்கு. சுவீடன், டென்மார்க், பின்லாந்து போன்ற நாடுகள் பெரும் பண உதவி செய்தன. திட்ட ஆவணங்களில் இது சுகாதாரம், உற்பத்தி என்ற தலைப்புகளில் வருகிறது. ஆனால் 400 மீட்டர் என்ற எண்ணை ஒரு பத்து வயதுப் பிள்ளையின் காலில் வைத்துப் பாருங்கள். மேலே போட்ட கணக்கில் ஆறு ஏழு கிலோமீட்டர் நடை மூன்று கிலோமீட்டருக்கும் கீழே இறங்குகிறது. வீட்டுக்கு ஏறத்தாழ ஒரு மணி நேரம் மிச்சம், அதில் ஒரு பங்கு விடியற்காலையில் மகளுக்கு. அந்தப் பங்கில் தூக்கம் இருக்கிறது, ஊஜிக் கஞ்சி குடித்துவிட்டுப் போகும் நிதானம் இருக்கிறது, மணி அடிக்கும் முன் வாசலில் நிற்கும் கௌரவம் இருக்கிறது. நோயையும் சேர்த்துக்கொள்ள வேண்டும். விக்டோரியா ஏரியைச் சுற்றியுள்ள பகுதிகளில் நீரில் இறங்கும் பிள்ளைகளைப் பற்றிக்கொள்ளும் நத்தைக் காய்ச்சல், நீர் முகரும் இடத்திலேயே காத்திருக்கும் வியாதி. நீரால் பரவும் நோய்களை வகைப்படுத்தி பிராட்லி தந்த பாகுபாடு இன்றும் பயன்படுகிறது. அது பிறந்ததும் மேலே சொன்ன அந்த ஆய்வில்தான்.

திட்டம் இலக்கை எட்டவில்லை. நிறுவிய பம்புகள் பல, டீசல் இல்லாமலும் உதிரிப்பாகம் இல்லாமலும் நின்றன. 1973-க்குப் பின் எண்ணெய் விலை ஏறியது. 1978-79-இல் உகாண்டாவுடன் போர். அன்னியச் செலாவணி வறண்டது. இடையில் 1973 நவம்பரில் நைரேரே, கிராமங்களில் குடியேறுவது இனி கட்டாயம் என்று அறிவித்தார். 1977 வாக்கில் ஒரு கோடிக்கும் மேற்பட்டோர் புதிய ஊர்களில் பதிவாகியிருந்தார்கள். பள்ளியும் மருந்தகமும் ஒரே இடத்தில் தர இது வழி என்பது அரசின் நியாயம், அதில் உண்மையும் உண்டு. பள்ளி பக்கத்தில் வந்தது. ஆனால் பல ஊர்கள் சாலையோரம் என்பதற்காகத் தேர்ந்தெடுக்கப்பட்டன. நீர் எங்கே, விறகு எங்கே என்று பார்த்துக் குடியமர்ந்த பழைய சிதறல் குடியிருப்புகளின் அறிவு அங்கே கைவிடப்பட்டது. ஜேம்ஸ் ஸ்காட் 1998-இல் எழுதிய நூலில் இந்தக் குடியேற்றத்தைத் திட்டமிடுவோரின் குருட்டுத்தனத்துக்குச் சான்றாக எடுத்துக்காட்டுகிறார். ஆனால் அவர் நில உழவரைப் பற்றிப் பேசுகிறார். பழைய இடத்தில் அரை மணியில் முடிந்த விறகு, இத்தனை குடும்பங்கள் ஓரிடத்தில் குவிந்தபோது எத்தனை நேரம் எடுத்தது என்பது சிறுமிகளின் கேள்வி.

அதே காலத்தில் பள்ளி அனைவருக்கும் திறந்தது. 1973-இல் தொடக்கப் பள்ளிக் கட்டணம் நீங்கியது. 1974 நவம்பரில் முசோமாவில் கூடிய கட்சிக் கூட்டம், 1989-க்கு என்று வைத்திருந்த அனைவருக்கும் தொடக்கக் கல்வி என்ற இலக்கை 1977-க்கு இழுத்துவந்தது. தொடக்கப் பள்ளி முடித்த இளைஞர்கள் ஆயிரக்கணக்கில் ஊரிலேயே பயிற்சி பெற்று ஆசிரியர் ஆனார்கள். 1978 கல்விச் சட்டம் சேர்க்கையையும் வருகையையும் கட்டாயமாக்கியது. 1960-களில் பாதிக்குக் கணிசமாகக் குறைவாக இருந்த பெண்பிள்ளைகளின் பங்கு, 1980-களின் முதல் பாதியில் கிட்டத்தட்டச் சரிபாதியை எட்டியது. ஏழை நாடு ஒன்று இருபதாண்டுக்குள் செய்த சாதனை இது; அதைப் பாராட்டத் தயங்க எனக்குக் காரணம் எதுவும் இல்லை. வயது வந்தோர் எழுத்தறிவு இயக்கத்தில் 1975 வாக்கில் ஐம்பது லட்சம் பேர் சேர்ந்தார்கள். பெண்கள் பெருந்திரளாக வந்தார்கள். பிற்பகல் வகுப்பில் தாய் எழுத்துக் கூட்டிக்கொண்டிருந்தபோது அடுப்பையும் கைக்குழந்தையையும் பார்த்துக்கொண்டது யார் என்று மட்டும் கேட்க வேண்டியிருக்கிறது. அந்த இயக்கத்தின் கணக்குப் புத்தகத்தில் அந்த மகளுக்கு இடம் இல்லை.

ஆக, ஒரே பத்தாண்டில் அரசு சிறுமியின் பொழுதை இரண்டு பக்கமும் இழுத்தது. பள்ளியைக் கட்டாயமாக்கி மணிக்கணக்கை எடுத்துக்கொண்டது. குடிநீரை அருகில் கொண்டுவருவதாகச் சொல்லி மணிக்கணக்கைத் திருப்பித் தர முனைந்தது. முதலாவது நடந்தது, இரண்டாவது பாதியில் நின்றது. இரண்டையும் வெவ்வேறு அமைச்சகங்கள் வெவ்வேறு புள்ளிவிவரங்களில் எழுதியதால், இவை ஒரே குழந்தையின் ஒரே நாளில் சந்திக்கின்றன என்பது எங்கும் பதிவாகவில்லை. 1980-களில் பிள்ளைகள் இடையில் நின்றதற்கும் வராமல் போனதற்கும் ஆய்வாளர்கள் மீண்டும் வந்த கட்டணத்தையும் ஆசிரியர் தரத்தையும் காரணம் காட்டுகிறார்கள். இரண்டும் உண்மை. அவற்றோடு, ஓடாமல் நின்ற பம்பையும் சேர்க்க வேண்டும் என்பதே என் வாதம்.

இதற்கு ஒரு பிற்காலச் சான்று உண்டு. 1990-களின் இறுதியில் வேறொரு குழு, வைட், பிராட்லி ஆகியோர் ஆராய்ந்த அதே மூன்று நாடுகளின் இடங்களுக்குத் திரும்பிச் சென்று அதே கேள்விகளைக் கேட்டது. குழாய் இல்லாத வீடுகள் நாளொன்றுக்கு நீர் எடுக்கச் செலவிடும் நேரம், முப்பதாண்டுக்கு முன் இருந்ததைவிட மூன்று மடங்குக்கும் மேலாகியிருந்தது. விடுதலையின் முதல் பத்தாண்டில் பிறந்த சிறுமியைவிட அவளுடைய மகள் அதிக நேரம் காத்து நின்றாள் என்று அந்த எண்ணைப் படிக்கலாம். இந்த ஒரு எண்ணை வைத்துக்கொண்டு விடுதலை தோற்றது என்று சொல்லிவிட முடியாது. பள்ளிச் சேர்க்கையை மட்டும் வைத்துக்கொண்டு அது வென்றது என்று சொல்வதும் அப்படித்தான்.

நைரேரேயின் சிறுநூல் உழைப்பின் கண்ணியத்தைப் பற்றிச் சொன்னது சரி. அந்த உழைப்பு வீட்டுக்குள் யார்மீது எவ்வளவு விழுகிறது என்பதில் தவறியது. அவர் தெரிந்தே மறைத்தார் என்று நான் கருதவில்லை. கிராமத்துப் பெண்ணின் மணிக்கணக்கைத் தேசத்தின் தலையாய ஆவணத்தில் எழுதவைத்தவர் அவர். அந்த நாட்களில் உலகின் எத்தனை அரசுகள் அதைச் செய்தன? ஆனால் தாயின் சுமையை எழுதியவர் மகளின் சுமையை எழுதியிருந்தால், பள்ளி வயலுக்கு முன் பள்ளி வாசலில் ஒரு குழாய் வந்திருக்கும். அருகில் குழாய் இல்லாத ஊரில் பள்ளிப் பண்ணை தொடங்குவதில்லை என்று ஒரு விதி இருந்திருந்தால் போதும். தற்சார்புக் கல்வியின் வரலாறு வேறாக இருந்திருக்கும் என்று துணிந்து சொல்வேன்.

1967-இல் ஏழு வயதில் கையை வளைத்துக் காதைத் தொட்டுப் பள்ளியில் சேர்ந்த பெண்களுக்கு இன்று அறுபதைத் தாண்டி சில ஆண்டுகள் ஆகின்றன. அமைச்சகத்தின் கோப்புகளிலும் கட்சி வெளியீடுகளிலும் அவர்களுடைய நாள் இல்லை. அவர்களுடைய நினைவில் மட்டுமே இருக்கிறது. எந்த நேரத்தில் எழுந்தார்கள், எத்தனை நடை நடந்தார்கள், எந்த வகுப்பில் எதற்காக நின்றார்கள் என்று அவர்களிடம் முறையாகக் கேட்டுப் பதிவு செய்யும் வேலை இன்னும் பெருமளவு மிச்சமிருக்கிறது. ஆப்பிரிக்க வரலாற்றில் ஆர்வமுள்ள இளம் ஆய்வாளர்கள், தமிழில் எழுதுவோர் உட்பட, கோப்புகளைத் தேடும் முன் அவர்களைத் தேடிப் போக வேண்டும்.